ஈசிஆர் இரவு பைக் ரேஸ்: உள்ளே இருந்தே ஆவணப்படம் எடுக்கலாமா?

கேள்வி:
பைக் பட்டறையில் வேலை பார்க்கிறேன். ஈசிஆரில் (சென்னை கிழக்குக் கடற்கரைச் சாலை) ராத்திரி ரேஸ் ஓட்டும் பையன்கள் எல்லாரும் பழக்கம். படம் எடுக்கச் சம்மதித்துவிட்டார்கள். முகத்தை மறைத்தால் போதுமா?

பதில் 1:
போதாது தம்பி. டேங்க் ஸ்டிக்கர், ஹெல்மெட் பெயிண்ட், மாற்றிய சைலன்சரின் சத்தம், இவை போதும், ஏரியாவில் யாரென்று சொல்லிவிடுவார்கள். நம்பர் பிளேட்டோடு இவற்றையும் மறையுங்கள், சத்தத்தையும் எடிட்டில் மாற்றுங்கள். பிறகு ஒருவன் வேண்டாமென்றால் அவன் காட்சியை நீக்குவதாக இப்போதே வாக்குக் கொடுங்கள்.

பதில் 2:
மோட்டார் வாகனச் சட்டம் 189-ஆம் பிரிவைப் படியுங்கள். அனுமதியில்லாத ரேஸில் கலந்துகொண்டாலே குற்றம். 2019 திருத்தத்துக்குப் பிறகு முதல் தடவைக்கே 3 மாதம் வரை சிறை அல்லது 5,000 ரூபாய் வரை அபராதம், இரண்டும்கூட விழலாம். கேமராவுக்காக 'இன்னொரு தடவை ஓட்டு' என்று கேட்கவே கேட்காதீர்கள். அந்த ஒரு ஓட்டத்தில் யாராவது விழுந்தால்?

பதில் 3:
வேகத்தை யார் வேண்டுமானாலும் எடுப்பார்கள். உங்களிடம் பட்டறை இருக்கிறது! சாயங்காலம் ரேஸ் ஓட்டும் பையன் ஒருவன் ஆர்எக்ஸ் 100 பைக்கின் கார்புரேட்டரைப் பிரித்து, பெட்ரோல் அளவைக் கட்டுப்படுத்தும் ஜெட்டை மாற்றும்போது என்ன பேசுகிறான்? அதை எடுங்கள். அப்புறம், சென்னைக்குப் பக்கத்தில் இருங்காட்டுக்கோட்டையில் ரேஸ் டிராக் இருந்தும் ஏன் அங்கே போகவில்லை என்று கேளுங்கள். கட்டணம், ரேஸ் சூட், வண்டியை ஏற்றிப்போகும் செலவு எல்லாம் வெளியே வரும்.