படுத்ததும் மண்டைக்குள் "டமார்": பார்த்த கேஸ்களைப் பகிருங்கள்

ஸ்லீப் லேப் டெக்னீஷியன்

ஐம்பது வயசைத் தாண்டின ஒரு அம்மா. கண் சொருகுற நேரத்துல தலைக்குள்ள வெடிச் சத்தம். காது டாக்டர், எம்ஆர்ஐ எல்லாம் முடிச்சுட்டுக் கடைசியா தூக்கப் பரிசோதனைக்கு வந்தவங்க. விளக்கை அணைச்ச கொஞ்ச நேரத்துல ஒயரோட எழுந்து உட்கார்ந்து, கேமராவைப் பார்த்து, "இப்பவாச்சும் உங்களுக்குக் கேட்டுச்சா தம்பி?"ன்னாங்க. அறை மைக்ல ஏசி இரைச்சலைத் தவிர ஒண்ணுமில்ல. அவங்க கேட்ட விதம்தான் இன்னும் மனசை அரிக்குது.

அந்த நேரத்து 30 விநாடிப் பதிவுல ஈஈஜி (மூளையோட மின் அலைப் பதிவு) முழுக்க ஆல்ஃபா அலை, நொடிக்கு 8–13. அதாவது இன்னும் தூங்கல, விளிம்புல இருக்காங்க. வலிப்பு அலை கிடையாது. சத்தத்துக்கு அப்புறம்தான் நாடி எகிறியிருக்கு. வலி துளியும் இல்லைன்னாங்க. இதை 1876லயே அமெரிக்க நரம்பியல் மருத்துவர் சைலஸ் வெயர் மிட்செல் எழுதியிருக்கார். 'வெடிக்கும் தலை நோய்க்குறி'ங்கற பேர், 1988ல பியர்ஸ்ங்கற பிரிட்டிஷ் நரம்பியல் மருத்துவர் வச்சது. தூக்கம் வரும்போது பார்வை, காது கேட்கறது, அசைவுன்னு மூளை ஒவ்வொண்ணா அடங்கணும். அந்த வரிசையில தடுமாற்றம் வந்து, சத்தத்தை உணர்ற பகுதி ஒரே நேரத்துல துடிச்சுடுதுன்னு கருதறாங்க. ஒரு வெளிச்சக் கீற்றும் சிலருக்குச் சேர்ந்து வரும். ஒரு நொடியில முடிஞ்சுடும்.

மருந்தாளுநர்

டெக்னீஷியன் சார், அந்த அம்மாவின் மாத்திரைச் சீட்டைப் பார்த்தீர்களா? அதைப் பார்க்காமல் பெயர் வைப்பதை ஏற்க முடியவில்லை.

கடைக்கு வந்த ஒரு இளைஞர், படுத்தால் மூளையில் கரண்ட் அடிக்கிறது, தூக்க மாத்திரை கொடுங்கள் என்றார். பேசிக்கொண்டே இடது ரேக்கிலிருந்து வலது ரேக்குக்குக் கண்ணைத் திருப்பினார். சட்டென்று கவுன்டரைப் பிடித்துக்கொண்டார். "இதோ, இப்பக்கூட அடிச்சுது." கண்ணைப் பக்கவாட்டில் உருட்டும்போது அடிக்கும் அந்த 'விர்ர்' போதும், அடுத்த கேள்வி என்னவென்று தெரிந்துவிடும்: எந்த மாத்திரையை நிறுத்தினீர்கள்? மனச்சோர்வுக்கான வென்லாஃபாக்சின். ஸ்ட்ரிப் தீர்ந்து மூன்று நாள்.

வென்லாஃபாக்சின் பாதியாகக் குறைய சுமார் 5 மணி நேரம், உடலில் அது மாறி உண்டாகும் பொருளுக்குச் சுமார் 11 மணி நேரம். மனச்சோர்வுக்கே தரும் பரோக்ஸெடினுக்கு ஏறக்குறைய ஒரு நாள். அதே வகை ஃப்ளூவாக்ஸெடின் நாள்கணக்கில் தங்கும், அதனால் அதில் இந்தத் தொல்லை குறைவு. டாக்டர் குறைக்கச் சொல்லியிருந்தாலும் இடறுகிற இடங்கள் உண்டு. ஒருநாள் விட்டு ஒருநாள் போடுவது இந்த முதல் இரண்டுக்கும் ஆகாது, ரத்தத்தில் அளவு ஏறி இறங்கி அதுவே 'ஷாக்'கைக் கிளப்பும். மெதுவாகக் கரையும் வகையை உடைக்கவோ பொடிக்கவோ கூடாது. முக்கியமானது கடைசிப் படி. இதே வகை சிட்டலோப்ராம் 20 மி.கி., செரட்டோனின் என்ற மூளை வேதிப்பொருளைத் திரும்ப உறிஞ்சும் கடத்திகளில் ஏறக்குறைய 80 சதவீதத்தைப் பிடிக்கிறது, 5.4 மி.கி. 60 சதவீதத்தை, 0.8 மி.கி.கூட 20 சதவீதத்தை. 20-லிருந்து 10 எளிதாகப் போய்விடும், 5-லிருந்து பூஜ்யம் என்பது பள்ளத்தில் குதிப்பது. கீழே வர வர ஒவ்வொரு படியும் சிறிதாக வேண்டும், அதற்கு டாக்டரிடம் திரவ மருந்து உண்டா என்று கேளுங்கள். பழைய அளவை மறுபடி தொடங்கினால் பெரும்பாலும் சில நாளில் அடங்கிவிடும். அதையும் எழுதிக் கொடுத்தவரிடம் கேட்டே செய்யுங்கள்.

ஸ்லீப் லேப் டெக்னீஷியன்

சீட்டு பார்க்காம எந்த லேப்லயும் ஒயர் ஒட்டறதில்ல சார். பிபி மாத்திரை மட்டும்தான். நீங்க சொல்ற 'கரண்ட்' பகல்லயும் வரும், தொடர்ச்சியா வரும், கண் அசைவுல வரும். இது தூக்க விளிம்புல ஒத்தை அடி. ரெண்டும் ஒண்ணில்ல. விளக்கிச் சொன்னதுமே நிறைய பேருக்குப் பயம் இறங்கும், வர்றதும் குறையும். தூக்கம் கெட்டாலும் மனசு அழுத்தத்துல இருந்தாலும் கூடும், அதனால படுக்கற நேரத்தைச் சீராக்குங்க.

கேள்வி

இது அமுக்குவான் பேயா? என் அத்தைக்குச் சத்தம் கேட்டு, அப்புறம் அசையவே முடியாதாம்.

ஸ்லீப் லேப் டெக்னீஷியன்

அசைய முடியலைன்னா அது தூக்க முடக்கம்ங்க. கனவுத் தூக்கத்துல கை கால் தளர்ந்து கிடக்கணும், அந்தத் தளர்வு விழிச்ச பிறகும் கொஞ்சம் நீடிக்குது. அதுலயும் இரைச்சல், அதிர்வு கேட்கும். மல்லாந்து படுத்தா அதிகம் வரும், ஒருக்களிச்சுப் படுக்கச் சொல்லுங்க. வந்தா முழு உடம்போட மல்லுக்கட்டாம ஒரு விரல் நுனியை மட்டும் அசைக்கப் பார்க்கணும், மூச்சை மெதுவா விடணும்.

நரம்பியல் வார்டு செவிலியர்

வலியைப் பற்றி ஒரு வரியில் கடந்துவிட்டீர்கள், அதுதான் உறுத்துகிறது. தலையில் 'டப்'பென்றது என்று சொன்ன ஒருவருக்கு வீட்டில் தைலம் தேய்த்து விடியும்வரை வைத்திருந்தார்கள். கொண்டுவரும்போது தாடையை நெஞ்சுக்குக் கொண்டுபோக முடியவில்லை, கழுத்து கட்டை மாதிரி. மூளையைச் சுற்றி ரத்தக்கசிவு. ஒரு நிமிடத்துக்குள் உச்சத்துக்கு ஏறும் வலி, வாந்தி, கழுத்து இறுக்கம், பேச்சுக் குழறல், இதில் ஒன்று இருந்தாலும் 108-ஐக் கூப்பிடுங்கள். முதல் 6 மணி நேரத்துக்குள் எடுத்த சிடி ஸ்கேனில் ரத்தம் தெளிவாகத் தெரியும். தாமதமானால் தவறிப்போகும், முதுகுத் தண்டு நீரை எடுத்துப் பார்க்க நேரிடும்.

இன்னொரு வகையும் உண்டு. 50 வயதுக்கு மேல், தூக்கத்தில் மட்டும், ஏறக்குறைய அதே நேரத்துக்கு எழுப்பிவிடும் தலைவலி. மாதம் 10 நாளாவது, மூன்று மாதத்துக்கு மேல், விழித்த பிறகு 15 நிமிடம் முதல் 4 மணி நேரம். வார்டில் ஒரு பெரியவர் இரவு 2 மணிக்கு வராந்தாவில் நடந்துகொண்டே இருப்பார், படுத்தால் கூடும் என்று. இதற்குப் படுக்குமுன் ஒரு காபி கொடுத்துப் பார்ப்பதும் ஒரு சிகிச்சை, அதிலுள்ள காஃபீன்தான் மருந்து. ஆனால் காபிக்கு முன், வலிக்கு வேறு காரணம் இல்லை என்று உறுதி செய்ய, வலி எழுப்பும் அதே நேரத்தில் பிபி பாருங்கள். இன்சுலின் போடுபவரானால் குளுக்கோமீட்டரில் 70-க்குக் கீழ் இருக்கிறதா பாருங்கள். குறட்டைவிட்டு மூச்சு நின்று திணறுகிறாரா என்று பக்கத்தில் படுப்பவரைக் கேளுங்கள். இந்த மூன்றையும் எழுதி எடுத்துக்கொண்டு நரம்பியல் ஓபிக்குப் போங்கள்.