பால் ராம்சேயின் அணு ஆயுத வாதம்: பக்க எண் உதவி வேண்டும்

நண்பர்களே, அமெரிக்கக் கிறித்தவ அறவியலாளர் பால் ராம்சேயின் 1961, 1968 போர் அற நூல்களை, இலக்கைத் தாமே தேரும் தானியங்கி ஆயுதங்களோடு பொருத்தி வாசிக்கிறோம். குடிமக்களை நேரடியாகக் குறிவைக்கக் கூடாது என்பதை அவர் சட்டத்திலிருந்து எடுக்கவில்லை, அயலாரை நேசி என்ற கட்டளையிலிருந்து எடுக்கிறார். அதுவரை தெளிவு.

சிக்கல் அணு மிரட்டலில். நகரங்களை அழிப்பதாகப் பாசாங்கு செய்யலாம் என்ற வாதத்தைப் பின்னாளில் கைவிட்டார். பலர் கைவிட்ட அந்த வாதத்தையே அவர் முடிவாக எழுதிவிடுகிறார்கள். ராணுவ இலக்கைத் தாக்கும்போது நேரும் பக்கச் சேதத்தின் அச்சமே எதிரியைத் தடுக்கும் என்பது தனி வாதம். இரண்டையும் கலந்தால் எங்கள் கட்டுரை சரியும்.

கைவிட்டதாக அவரே சொல்லும் பகுதி எந்த நூலில், எந்தப் பக்கத்தில்? பதிப்பாண்டும் சேர்த்துச் சொல்லுங்கள், பக்க எண் பதிப்புக்குப் பதிப்பு மாறும். இன்னொன்று: இரட்டை விளைவுக் கோட்பாடு (நல்ல நோக்கோடு செய்யும் செயலில், முன்பே தெரிந்தாலும் நோக்கமாகக் கொள்ளாத தீங்கை அளவோடு ஏற்கலாம் என்பது) தாக்குபவரின் நோக்கத்தை நம்பி நிற்கிறது. இலக்கை இயந்திரமே தேர்ந்தால் நோக்கம் யாருடையது என்று ராம்சே வழியில் யாராவது எழுதியிருக்கிறார்களா?