வைஸ் சிட்டி விண்டோஸ் 11-இல் திறக்கவில்லை, "டைரக்ட்எக்ஸ் 8.1 வேண்டும்" என்கிறது

மின்மினி:
வணக்கம். ஜிடிஏ வைஸ் சிட்டி கேம், 2003-இல் பிசிக்கு வந்த பழைய பதிப்பு. இணையத்தில் காசு கொடுத்து வாங்கியது. விண்டோஸ் 11 லேப்டாப்பில் இன்ஸ்டால் ஒழுங்காக முடிகிறது. ஐகானைத் தட்டினால் மட்டும் ஒரு சின்னப் பெட்டி வந்து, குறைந்தது டைரக்ட்எக்ஸ் (கேம்களின் படம், ஒலியைக் கவனிக்கும் விண்டோஸ் பாகம்) 8.1 வேண்டும் என்கிறது. ஓகே கொடுத்ததும் மூடிக்கொள்கிறது. அதைச் சோதித்துக் காட்டும் டிஎக்ஸ்டயாக்கில் பார்த்தால் டைரக்ட்எக்ஸ் 12 இருக்கிறது. 12 இருக்கும்போது 8.1 எப்படி இல்லாமல் போகும்? டைரக்ட்எக்ஸ் இன்ஸ்டாலரை இறக்கி ஓட்டியும் பலனில்லை. தம்பிக்கு லீவு விட்டாச்சு, அவனுக்கு இதை விளையாடிக் காட்ட ரொம்ப ஆசை. யாராவது உதவுங்கள்.

வைகைக்கரை:
ஏதோ டிஎல்எல் (புரோகிராம்களுக்குத் துணையாக வேண்டிய கோப்பு) குறைகிறது போல. டிஎல்எல் தளங்களில் தேடி எடுத்து கேம் ஃபோல்டரில் போட்டுப் பாருங்கள்.

பழையபிசி:
தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள். அந்தத் தளங்களில் கிடைக்கும் கோப்பை யார் ஏற்றினார்கள், உள்ளே என்ன சேர்த்தார்கள் என்று யாருக்கும் தெரியாது. இங்கே அதற்குத் தேவையும் இல்லை.

மின்மினி, உங்களிடம் டைரக்ட்எக்ஸ் இருக்கிறது. கேம் அதைச் சோதிக்கும் முறைதான் பிரச்சினை. 8.1 இருக்கிறதா என்று அறிய, டைரக்ட்ப்ளே என்ற நெட்வொர்க் பாகத்தின் கோப்பு ஒன்று கிடைக்கிறதா என்று பார்க்கிறது. அந்தக் காலத்தில் டைரக்ட்எக்ஸோடு அதுவும் சேர்ந்தே வரும். விண்டோஸ் 8-இலிருந்து அது தானாக வருவதில்லை, நாம்தான் சேர்த்துக்கொள்ள வேண்டும். வைஸ் சிட்டியில் மல்டிபிளேயரே கிடையாது, ஆனாலும் அது இல்லாமல் வாசலைத் தாண்ட விடாது.

ஸ்டார்ட்டில் "டர்ன் விண்டோஸ் ஃபீச்சர்ஸ் ஆன் ஆர் ஆஃப்" என்று தேடுங்கள். பட்டியலில் லெகஸி காம்பொனன்ட்ஸ் இருக்கும். அதை விரித்து டைரக்ட்ப்ளேக்கு டிக் போடுங்கள். முடிந்ததும் ஒருமுறை ரீஸ்டார்ட் செய்துவிடுங்கள்.

மின்மினி:
அந்தப் பெட்டி போய்விட்டது, ரொம்ப நன்றி! ஆனால் இப்போது 640×480 வீடியோ மோட் கிடைக்கவில்லை என்று வேறொன்று வருகிறது.

பழையபிசி:
நல்லது, ஒரு படி தாண்டிவிட்டீர்கள். தொடக்கத்தில் கேம் அந்தத் திரை அளவைத் தேடுகிறது, கிடைக்காவிட்டால் நின்றுவிடும். கேமின் இஎக்ஸ்இ கோப்பில் ரைட் கிளிக், ப்ராப்பர்ட்டீஸ், கம்பாட்டிபிலிட்டி. விண்டோஸ் எக்ஸ்பி சர்வீஸ் பேக் 3 தேர்ந்தெடுங்கள். அப்புறம் டாகுமென்ட்ஸில் "ஜிடிஏ வைஸ் சிட்டி யூசர் ஃபைல்ஸ்" ஃபோல்டருக்குள் "ஜிடிஏ_விசி.செட்" இருந்தால் அதை மட்டும் அழியுங்கள். பழைய திரை அமைப்பு அதில்தான் இருக்கும். சேவ் கோப்புகளைத் தொடாதீர்கள்.

மின்மினி:
எக்ஸ்பி மோட் போட்டதும் திறந்துவிட்டது! தம்பி இப்போது பைக் ஓட்டிக்கொண்டிருக்கிறான். ஆனால் நீங்கள் சொன்ன ஃபோல்டரே என்னிடம் இல்லை. செட்டிங்ஸும் ஒவ்வொரு முறையும் பழையபடி ஆகிவிடுகிறது, சேவ் செய்தாலும் நிற்கவில்லை.

பழையபிசி:
சி டிரைவில் யூசர்ஸ் ஃபோல்டருக்குள் உங்கள் பெயர் எந்த எழுத்தில் இருக்கிறது?

மின்மினி:
தமிழில். விண்டோஸ் போடும்போது தமிழிலேயே பெயர் கொடுத்தேன்.

பழையபிசி:
அதுதான் காரணம். யூனிகோட் (எல்லா மொழி எழுத்துகளுக்கும் பொதுவான குறியீட்டு முறை) தெரியாத பழைய புரோகிராம்கள் ஒவ்வொரு மொழிக்கும் உரிய கோட் பேஜ் என்ற எழுத்துப் பட்டியலை வைத்துத்தான் எழுத்துகளைப் படிக்கும். ரஷ்யனுக்கு 1251, கிரேக்கத்துக்கு 1253 என்று விண்டோஸில் உண்டு. தமிழுக்கு அப்படி ஒன்று கிடையாது, யூனிகோட் மட்டும்தான். அதனால் உங்கள் பெயரில் உள்ள எழுத்தெல்லாம் கேமுக்குக் கேள்விக்குறியாகப் போய்ச் சேர்கிறது. ஃபோல்டர் பெயரில் கேள்விக்குறியை விண்டோஸ் அனுமதிக்காது. பிறகு எங்கே போய் சேவ் செய்யும்?

செட்டிங்ஸில் அக்கவுன்ட் பெயரை மாற்றினால் போதாது, உள்ளே ஃபோல்டர் பெயர் மாறாது. அதைக் கையால் மாற்றவும் முயலாதீர்கள். விளையாட்டுக்கென்று ஆங்கில எழுத்தில் புதிய லோக்கல் அக்கவுன்ட் ஒன்று தொடங்குங்கள். உங்கள் தமிழ்ப் பெயர் இருந்த இடத்திலேயே இருக்கட்டும். நம் மொழியில் பெயர் வைத்தது தப்பே இல்லை.

கீற்று:
ரீஜியன் அமைப்பில் உலக மொழிகளுக்கு யூடிஎஃப்-8 (யூனிகோட் எழுத்துகளை எழுதும் ஒரு முறை) பயன்படுத்து என்றொரு பீட்டா டிக் இருக்கிறதே, அது உதவாதா?

பழையபிசி:
உதவலாம். ஆனால் அது கம்ப்யூட்டர் முழுவதையும் மாற்றும், வேறு பழைய மென்பொருள்கள் உளற ஆரம்பிக்கலாம். ஒரு கேமுக்காக நான் அதைச் சொல்ல மாட்டேன்.

மின்மினி:
புது அக்கவுன்டில் ஃபோல்டர் தானாக வந்துவிட்டது, சேவும் நிற்கிறது. மனமார்ந்த நன்றி.

வைகைக்கரை:
என்னிடம் இதே கேமின் சிடி இருக்கிறது. எனக்கும் இதே வழிதானா?

பழையபிசி:
இல்லை, சிடிக்கு இன்னொரு பூட்டு உண்டு. சேஃப்டிஸ்க் என்ற நகல் காப்பு. அதற்கான டிரைவரில் பாதுகாப்பு ஓட்டை இருந்ததால் 2015-இல் வந்த விண்டோஸ் 10-இலேயே அதை எடுத்துவிட்டார்கள். ஒரிஜினல் சிடியைப் போட்டாலும் கேம் ஏற்காது. அந்த டிரைவரை எங்கிருந்தாவது கொண்டுவந்து திரும்பப் போடாதீர்கள். இணைய இணைப்பு இல்லாத பழைய எக்ஸ்பி பிசி ஒன்று வீட்டில் இருந்தால் அதில் ஓட்டுங்கள். இல்லையென்றால் சேஃப்டிஸ்க்ஷிம் என்ற திறமூலக் கருவியைப் பாருங்கள். அந்த டிரைவர் இல்லாமலே உங்கள் சிடியைச் சரிபார்க்க வைக்க எழுதப்பட்டது அது.