குகைக்குள் கல்விழுது எப்படி வளர்கிறது?

கேள்வி:
ஆந்திரத்தின் அரக்குப் பள்ளத்தாக்கை அடுத்த போரா குகைகளில், கூரையிலிருந்து தொங்கிய ஒரு கல்விழுதின் நுனியில் நீர்த்துளி நெடுநேரம் நின்று விழுவதைக் கண்டேன். நீர் ஆவியாவதால்தான் கல் படிகிறது என்று உடன் வந்தவர் கூறினார். அத்தனை ஈரமான காற்றில் நீர் எப்படி ஆவியாகும்?

மறுமொழி:
தங்கள் ஐயம் நியாயமானது. ஈரமான குகைகளில் ஆவியாதலின் பங்கு சிறிதே. மேல்மண்ணில் இறங்கும் மழைநீர், வேர்களும் நுண்ணுயிர்களும் வெளியிட்ட கார்பன் டை ஆக்சைடைக் கரைத்துக்கொண்டு வலுக்குறைந்த அமிலமாகி, சுண்ணாம்புப் பாறையை அரித்தபடி கூரையை அடைகிறது. குகைக் காற்றில் அவ்வாயு குறைவு என்பதால், சோடா புட்டியைத் திறந்தாற்போல் அது துளியைவிட்டு வெளியேற, பாறையிலிருந்து கரைந்து வந்த சுண்ணாம்பு (கால்சியம் கார்பனேட்) துளியின் விளிம்பில் மெல்லிய வளையமாகப் படிகிறது. வளையத்தின்மேல் வளையம் சேர்ந்து, ஏறக்குறைய 5 மில்லிமீட்டர் விட்டமுள்ள குழல் உருவாகிறது. அதன் துளை அடைபட்டால் நீர் வெளிப்புறமாக வழிந்து விழுதைப் பருக்கச் செய்கிறது.

மறுமொழி:
கீழே விழும் துளி மீதமுள்ள சுண்ணாம்பைத் தரையில் விட, கல்முளை எழுகிறது. துளி சிதறுவதால் அதன் தலை மழுங்கியிருக்கும், நடுவே துளை இராது. வளர்ச்சி பொதுவாக ஆண்டுக்கு 1 மில்லிமீட்டருக்கும் குறைவு. (தயவுசெய்து தடவிப் பார்க்காதீர்கள், விரலின் எண்ணெய்ப்பசை பட்ட இடத்தில் புதிய படிவு எளிதில் ஒட்டாது.)

கேட்டவர்:
மெக்சிகோவின் நைக்கா சுரங்கத்திலுள்ள பெரும் படிகங்களும் இவ்வாறு சொட்டி வளர்ந்தவையா?

மறுமொழி:
இல்லை. அவை ஜிப்சம் என்னும் வேறொரு கனிமம், 58 பாகை செல்சியசை ஒட்டிய சுடுநீரில் முழுவதும் மூழ்கியிருந்து, மிக மெதுவாக வளர்ந்து, 11 மீட்டர் நீளத்தையும் எட்டியவை.