அக்கா மகன் நோட்டில் இருந்த கடல்

என் அக்கா மகனுக்குப் பதினோரு வயது. கோடு போட்ட நோட்டு ஒன்றில் அவனாகவே ஒரு உலகத்தை உண்டாக்கி வைத்திருக்கிறான். மூன்று நிலா, சண்டை போடும் ராஜாக்கள், வரைபடம் எல்லாம் உண்டு. கிழக்கு ஓரத்தில் ஒரு கடல். அதற்கு உயிர் இருக்கிறதாம். யாராவது தொட்டால் நீலமாகக் கண் விழிக்குமாம். ஒரு நாள் சாப்பிடும்போது காட்டினான். "தொட்டா எரியுற தண்ணி எங்கடா இருக்கு? கதைன்னாலும் ஒரு லாஜிக் வேணாமா மாப்ள?" என்று பெரிய மனுஷன் மாதிரி கேட்டுவிட்டேன். அந்தப் பக்கத்தின் குறுக்கே ஒரு கோடு இழுத்துவிட்டு எழுந்து போய்விட்டான்.

இது நடந்து சில வாரத்தில், 2024 அக்டோபர் மழை விட்ட கையோடு, சென்னை நீலாங்கரைப் பக்கம் அலை நீலமாக மின்னும் வீடியோக்கள் வாட்ஸப்பில் சுற்ற ஆரம்பித்தன. 2019 ஆகஸ்டிலும் பெசன்ட் நகர், திருவான்மியூர் பக்கம் இப்படி மின்னியது. அப்போது நான் போகவில்லை. எங்களுக்குத் திருவொற்றியூர். இங்கே கடல் நிறம் மாறினால் அதிசயம் என்று யாரும் ஓட மாட்டோம், எண்ணெயா என்றுதான் முதலில் பார்ப்போம். 2017 ஜனவரியில் காமராஜர் துறைமுகத்துக்கு வெளியே இரண்டு கப்பல்கள் மோதியபோது கரையில் ஒதுங்கிய எண்ணெயை பக்கெட்டில் அள்ளியதைப் பார்த்தவன் நான். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயல் வெள்ளத்தோடு எண்ணூர்க் கழிமுகத்தில் எண்ணெய் வந்து படகு, வலை, அலையாத்தி மரம் என்று எதையும் விடவில்லை. இத்தனைக்கும் பிறகு நம்ம கடலும் மின்னும் என்று எனக்குத் தோன்றவே இல்லை.

பையன் விடவில்லை. ராத்திரி பத்தரை மணிக்கு வண்டியை எடுத்துக்கொண்டு எர்ணாவூர்ப் பக்கம், கடலரிப்பைத் தடுக்கக் கடலுக்குள் கல் கொட்டிக் கட்டிய தூண்டில் வளைவுக்குப் போனோம். பௌர்ணமி முடிந்து ஓரிரு நாள்தான், நிலா பளிச்சென்று. போதாததற்குத் தெருவிளக்கு, கன்டெய்னர் லாரிகளின் ஹெட்லைட், தூரத்தில் நங்கூரம் போட்ட கப்பல்களின் வெளிச்சம். அரை மணி நேரம் ஒன்றும் இல்லை. நான் வெறும் நுரையைக் காட்டி "அதோ அதோ" என்று சமாளித்துக்கொண்டிருந்தேன்.

அப்புறம்தான் வெளிச்சம் படாத கல் இடுக்குப் பக்கம் குனிந்து பார்த்தோம். அலை உள்ளே புகுந்து மோதும்போது ஒரு கீற்று. கேஸ் அடுப்பைச் சிம்மில் வைத்தால் எரியுமே, அந்த நீலம். உடனே அணைந்தது. அடுத்த அலைக்கு மறுபடி. "மாமா, முழிச்சிக்கிச்சு" என்றான். நான் கையைத் தண்ணீரில் விட்டு அளைந்தேன். விரல் போன வழியெல்லாம் பொரி பொரியாக மின்னியது. பாசி வழுக்கி ஒரு செருப்பு போனது, அதைத் தேடக்கூட மனசு வரவில்லை.

ஃபைபர் படகு ஓரம் உட்கார்ந்திருந்த பெரியவர் ஒருவர் எங்களைப் பார்த்துச் சிரித்தார். "இதுக்கா இவ்ளோ குதிக்கிறீங்க? அமாவாசை இருட்டுல நடுக்கடல்ல பாக்கணும் கண்ணு. கீழ மீன் கூட்டம் போனா மேகம் மாதிரி வெளிச்சம் நகரும். பாக்க நல்லாத்தான் இருக்கும், ஆனா வலையும் சேந்து எரியும். மீனு வலையைப் பாத்துட்டு ஒதுங்கிப் பூடும்." பகலில் தண்ணீர் செவசெவவென்று கொழகொழப்பாக இருந்தால் அங்கே வலையே போட மாட்டார்களாம்.

அவர் சொன்னதில் விஷயம் இருக்கிறது. இப்படி மின்னுவது பெரும்பாலும் நாக்டிலூகா என்கிற ஒற்றைச் செல் உயிர். பெரியது ஒரு மில்லிமீட்டரைத் தாண்டும், கூர்ந்து பார்த்தால் வெறும் கண்ணுக்கே தெரியும். அலையோ, மீனோ, நம் விரலோ இடித்தால் அதற்குள் இருக்கும் லூசிஃபெரின் என்ற பொருள் ஆக்சிஜனோடு வினைபுரிந்து ஒரு நொடிக்கும் குறைவாக மின்னும். சூடு கிடையாது. உடம்பில் அம்மோனியாவும் சேர்த்து வைத்திருக்கும். அளவுக்கு மீறிப் பெருகிச் செத்து அழுகினால் தண்ணீரில் ஆக்சிஜன் குறைந்து மீன்களும் சாகும். அதனால் 'கடல் சுத்தமாகிவிட்டது, அதான் மின்னுகிறது' என்று வந்த ஃபார்வர்டுகளை நம்ப வேண்டாம்.

வீட்டில் சொன்னால் அம்மா ஆச்சரியமே படவில்லை. சின்ன வயதில் காசிமேட்டு ஈர மணலில் ஓடினால் கால் வைத்த இடமெல்லாம் மின்னுமாம். ஏன் இத்தனை வருஷம் சொல்லவில்லை என்றேன். "நீ கேட்டியா?" என்றார்.

பையன் வாட்டர் பாட்டிலில் கொஞ்சம் பிடித்து வந்திருந்தான். பாத்ரூம் லைட்டை அணைத்துவிட்டு ஆட்டினால் நாலைந்து பொறி. மறுநாள் சாயங்காலம் குமட்டும் வாடை மட்டும்தான் மிச்சம். அக்கா பாட்டிலையே தூக்கிப் போட்டுவிட்டாள்.

நோட்டில் அந்தக் கோடு போட்ட பக்கத்தை அழித்துத் திரும்ப வரைந்திருக்கிறான். அந்தக் கடலைப் பாட்டிலில் எடுத்துப் போனால் செத்துவிடும் என்று ஒரு சட்டம் சேர்ந்திருக்கிறது. புதிதாக ஒரு மந்திரியும் வந்திருக்கிறான். கண்ணாடி, தொப்பை, ஒரு காலில் மட்டும் செருப்பு. கடலுக்கு உயிர் இல்லை என்று ராஜாவிடம் அடித்துச் சொல்பவன். அவனுக்குக் கடைசியில் என்ன ஆகும் என்று கேட்டேன். இன்னும் யோசிக்கவில்லையாம்.