கூட்டுறவுச் சட்டம் 36-இல் தகுதி நீக்கம்: நேரே ஐகோர்ட்டுக்குப் போவது சரியா?

காவிரிக்கரை:
எங்கள் தொடக்க வேளாண்மைக் கூட்டுறவுக் கடன் சங்கத்தில் 2018-இல் வந்த நிர்வாகக் குழுத் தலைவரை, தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 81-வது பிரிவில் நடந்த விசாரணைக்குப் பிறகு, அதே சட்டத்தின் 36-வது பிரிவில் துணைப்பதிவாளர் தகுதி நீக்கம் செய்தார். 2021-இல் 5 பவுன் வரையிலான நகைக்கடன் தள்ளுபடி ஆய்வுக்காக அடகு நகைப் பொட்டலங்களைப் பிரித்தபோதுதான் விஷயம் வெளியே வந்தது. ஒரே வீட்டு ஆட்கள் பேரில் அடுக்கடுக்காகக் கடன். சில பொட்டலங்களில் எடை பேரேட்டோடு ஒத்துவரவில்லை. அவர் ஐகோர்ட்டில் இடைக்காலத் தடை வாங்கி, பதவிக்காலம் முடியும்வரை நாற்காலியை விடவில்லை. 152-இல் மேல்முறையீடு, 153-இல் சீராய்வு (துறை மேலிடம் உத்தரவை மறுபடி பார்ப்பது) என்று சட்டத்திலேயே வழி இருக்கிறது. பிறகு எதற்கு ரிட் மனு (அதிகாரியின் உத்தரவை எதிர்த்து நேரே ஐகோர்ட்டில் போடும் மனு)?

வக்காலத்து:
81-வது பிரிவு விசாரணை அறிக்கையின் நகலை அவருக்குக் கொடுத்தார்களா? முதலில் அதைச் சொல்லுங்கள். என்னிடம் வரும் உத்தரவுகளில் குற்றச்சாட்டு நாலு பக்கம் இருக்கும். கடைசியில் "தங்கள் விளக்கம் ஏற்கத்தக்கதாக இல்லை" என்று ஒரே வரி. ஏன் ஏற்கவில்லை என்பதற்குக் காரணமே இருக்காது. அப்படிப்பட்ட உத்தரவுக்குத் தடை கிடைக்கத்தான் செய்யும். மாற்று வழி இருந்தாலும், இயற்கை நீதி (ஒருவர் தரப்பை முறையாகக் கேட்டுத்தான் முடிவெடுக்க வேண்டும் என்ற விதி) மீறப்பட்டால் ரிட் மனுவை விசாரிக்கலாம் என்று வேர்ல்பூல் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1998-லேயே சொல்லிவிட்டது.

தணிக்கைத்தாள்:
2006-இல் மாரப்பன் வழக்கில் சென்னை உயர் நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு, கூட்டுறவுச் சங்கத்துக்கு எதிராகப் பொதுவாக ரிட் மனு நிலைக்காது என்று சொன்னதை விட்டுவிட்டீர்களே சார். இயற்கை நீதி என்ற ஒரு வார்த்தையை எழுதிவிட்டால் எல்லாருக்கும் கதவு திறந்துவிடுமா?

வக்காலத்து:
ஐயா, அது சங்கத்தின் மீது போடும் ரிட். சங்கம் தன் ஊழியரைப் பணிநீக்கம் செய்வது போன்ற விவகாரங்களுக்கு அது பொருந்தும். இங்கே கையெழுத்துப் போட்டவர் துணைப்பதிவாளர், சட்டப்படி அதிகாரம் பெற்ற அரசு அதிகாரி. அவர் உத்தரவை எதிர்த்து ரிட் போட மாரப்பன் தீர்ப்பு தடையில்லை.

தணிக்கைத்தாள்:
சரி, நிலைக்கட்டும். ஆனால் நடப்பு என்ன? அசல் ஆவணங்கள் வழக்குக் கட்டோடு போய்விடும். 87-வது பிரிவில் தண்டத்தீர்வை போட்டு (சங்கத்தின் நஷ்டத்தை அவரிடமே வசூலிக்க) வேண்டுமென்றால், வேண்டுமென்றே அலட்சியமாக இருந்தார் என்று நிரூபிக்க வேண்டும். சும்மா கவனக்குறைவு போதாது. இரண்டு வருடம் கழித்து அந்தப் பொட்டலத்தை எடைபோட்ட நகை மதிப்பீட்டாளரை எங்கே போய்த் தேடுவது? பதவியில் இருக்கும் தலைவரின் எதிரிலேயே செயலாளர் சாட்சி சொல்வாரா? நஷ்டம் கடைசியில் உறுப்பினர்களின் பங்குத்தொகையில்தான் விழுகிறது.

தென்னந்தோப்பு:
இன்னொரு பக்கத்தையும் பாருங்கள். ஆட்சி மாறினால் முந்தைய கட்சிக்காரர் தலைவராக இருக்கும் சங்கத்துக்கு விசாரணை வரும் என்பது ஊரில் எல்லாருக்கும் தெரியும். மத்தியப் பிரதேசத்தில் பன்னா மாவட்டக் கூட்டுறவு வங்கியின் குழுவைக் கலைத்த வழக்கில் (சஞ்சய் நகாயிச், 2013), ரிசர்வ் வங்கியைக் கலந்துகொள்ளாமல் கலைத்தது செல்லாது என்றது உச்ச நீதிமன்றம். இழந்த காலத்தையும் சேர்த்து அந்தக் குழுவை மறுபடி உட்கார வைத்தது. பதிவாளர்கள் அரசியல் அழுத்தத்துக்குப் பணியக் கூடாது என்றும் கண்டித்தது. அந்தக் கதவை மூடினால் நேர்மையான தலைவருக்கும் போக்கிடம் இருக்காது. சீராய்வு மனுவை விசாரிப்பவரும் அதே துறை அதிகாரிதானே?

காவிரிக்கரை:
பன்னா வழக்கு குழுவையே கலைத்தது பற்றியது. எங்கள் ஊரில் ஒரு ஆள் மீது எடை குறைந்த பொட்டலங்கள் இருக்கின்றன. இரண்டையும் ஒன்றாக்காதீர்கள். என் அம்மாவின் சங்கிலி அந்தப் பெட்டகத்தில்தான் இருந்தது. நோட்டீஸில் ஒரு வரி குறைந்தது என்பதற்காக அவர் கடைசிவரை இருந்ததை என்னால் ஏற்க முடியவில்லை.

வக்காலத்து:
கோபம் நியாயம்தான். ஆனால் அதைத் தடை கொடுத்த நீதிமன்றத்திடம் மட்டும் காட்டாதீர்கள். எதிர்த்தரப்பைக் கேட்காமல் தந்த தடையை நீக்கக் கோரி மனு போட்டு நகலும் கொடுத்துவிட்டால், அரசியலமைப்பின் 226(3) படி இரண்டு வாரத்துக்குள் அதை முடிக்க வேண்டும். இல்லையென்றால் தடை தானாக விலகும். அந்த மனுவைத் துணைப்பதிவாளர் அலுவலகம் போட்டதா, எதிர்வாதப் பத்திரமாவது தாக்கல் செய்ததா என்று தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். வழக்கு இன்னும் நிலுவையில் இருந்தால், உறுப்பினராக உங்களையும் ஒரு தரப்பாகச் சேர்க்கச் சொல்லி மனு போடலாம்.