நேர்ல போக கூச்சப்பட்டு போன்ல, வீடியோல கவுன்சிலிங் எடுத்தவங்க இருக்கீங்களா? (குமரி மாவட்டம்)

தக்கலை:

தலைப்புல கேட்டதுதான் கேள்வி. நான் எடுத்தேன், அதனால நானே தொடங்கி வைக்கேன்.

பிரசவம் கழிஞ்சு எனக்கு மனசு சரியில்லாம போச்சு. பிள்ளை அழுதா எரிச்சல், அழாம கிடந்தா பயம். ராத்திரி பூரா எந்திச்சு எந்திச்சு அதுக்க மூக்குக்குக் கீழ விரலை வச்சு மூச்சு வருதான்னு பாப்பேன். அம்மை "பச்ச உடம்புல்லா, அப்படித்தான் இருக்கும்"ன்னு சொன்னா. மாமியார் வீட்டுக்கு ஜெபத்துக்கு ஆள் கூட்டிட்டு வந்தாங்க. ஜெபத்தை நான் குறை சொல்ல மாட்டேன், அண்ணைக்கு ராத்திரி நல்லா உறங்கினேன். மறுநாள் பழையபடி.

நேர்ல டாக்டரைப் பாக்க முடியாததுக்குக் காசு ஒரு காரணமே இல்ல. களியக்காவிளையில இருந்து ஆரல்வாய்மொழி வரைக்கும் எந்த ஸ்டாப்புல இறங்கினாலும் "நீ இன்னாருக்க மகள்தானே"ன்னு கேக்க ஒரு ஆள் நிக்கும். மனநல டாக்டர் போர்டுக்குக் கீழ நம்மளப் பாத்தா சாயங்காலத்துக்குள்ள ஊருக்குள்ள தெரிஞ்சிரும். எனக்கு ஒரு நாத்தனார் வேற கல்யாணத்துக்கு நிக்கா.

எனக்க வீட்டுக்காரர்தான் வெளியூர்ல இருக்கிற ஒரு கிளினிக்கல் சைக்காலஜிஸ்டை (மருந்து இல்லாம பேசியே சரிபண்ற மனநல நிபுணர்) கண்டுபிடிச்சார். வீடியோ கால். அதுல பெரிய பாடு என்னன்னா, எங்க இருந்து பேசுறது? ரூம்ல பேசினா சுவருக்கு அந்தப் பக்கம் மாமியார். மொட்டை மாடியில பேசினா பக்கத்து வீட்டு மாடி. பின்னால இருக்கிற ஷெட்டுல ஒதுங்கினா, தகரத்துல மழை விழுந்தா அவங்க சொல்றது ஒண்ணும் கேக்காது. தென்மேற்கு, வடகிழக்கு ரெண்டு மழையும் வாங்குற ஊரு நம்மது. கடைசியில காருக்குள்ள இருந்து கண்ணாடியை ஏத்தி விட்டுட்டுப் பேசினேன். பிள்ளையைத் தூங்க வைக்கப் போறோம்னு பேரு.

முதல் நாள் பத்து கேள்வி உள்ள ஒரு தாள் தந்தாங்க. எடின்பரோ ஸ்கேலாம், பிரசவம் ஆன பொம்பளைங்களுக்குன்னே உள்ளது. போன ஏழு நாள்ல எப்படி இருந்தீங்கன்னு கேக்கும். கடைசிக் கேள்வி, உங்களையே காயப்படுத்திக்கணும்னு தோணிச்சாங்கிறது. "எப்பவாவது"ங்கிறதுல டிக் போட்டேன். அதுவரைக்கும் சிரிச்சுப் பேசினவங்க நிமிர்ந்து உக்காந்து, "இப்ப எங்க இருக்கீங்க? வீட்டுல வேற யார் இருக்கா? அவர் நம்பர் தாங்க"ன்னாங்க. காரு எங்க நிக்குன்னு வரைக்கும் கேட்டாங்க. எனக்கு அப்ப கோவம்தான் வந்துச்சு. அண்ணைக்கே அவர்கிட்டப் பேசி, மருந்துக்கு ஒரு சைக்கியாட்ரிஸ்டையும் பாக்க வச்சாங்க. பால் குடுக்கிறேன்னு சொன்னதும் அதுக்குத் தக்க மாத்திரைதான் எழுதினார்.

இப்ப பிள்ளை ஓடித் திரியுது. மத்தவங்க சொல்லுங்க.

குலசேகரம்:

எனக்க மகனுக்கு ஓசிடி, வேண்டாத நினைப்பு திரும்பத் திரும்ப வந்து ஒரே காரியத்தையே செய்ய வைக்கிற நோய். பிளஸ் டூ படிக்கும்போது தொடங்கிச்சு. எங்களுக்கு ரப்பர்தான் பிழைப்பு. விடியும் முன்ன பால் வெட்டப் போவோம், வீட்டுக்குப் பின்னால ஷீட் அடிக்கிற மெஷின், பக்கத்துல ஒட்டுப்பால் (மரத்துலயே உறைஞ்சு ஒட்டிக் கிடக்கிற ரப்பர் பால்) போட்டு வைக்கிற வாளி. ஒட்டுப்பால் நாத்தம் தெரிஞ்சவங்களுக்குத் தெரியும். அந்த வாளிப் பக்கம் போனாலே பைப்படிக்குப் போயிருவான். மணிக்கணக்கா கை கழுவுவான். சோப்பு பட்டு விரலிடுக்கெல்லாம் வெடிச்சுக் கிடக்கும். நான் சத்தம் போட்டா இன்னும் கூடுதலா கழுவுவான்.

முதல்ல நேர்லதான் போனோம். அங்க ரூம்ல உக்காரும்போது பையன் நல்லாத்தான் இருப்பான். அங்க வாளியும் இல்ல, பைப்பும் இல்ல. டாக்டர் மாத்திரை எழுதினார், ஓசிடிக்கு 10, 12 வாரம் சாப்பிட்டுப் பாத்துத்தான் கேக்குதா கேக்கலையான்னு சொல்ல முடியும், இடையில நிறுத்தாதீங்கன்னார். கூடவே தெரபிக்கு ஒரு மேடத்தை ஆன்லைன்ல பாக்கச் சொன்னார்.

ஆன்லைன் எல்லாம் சும்மான்னு சொல்றவங்களுக்காக இதை எழுதுறேன். அந்த மேடம் முதல்ல வீட்டைச் சுத்திக் காட்டச் சொன்னாங்க. எந்தப் பைப்பு, எந்தச் சோப்பு, வாளி எங்க இருக்கு, எந்த வழியா நடந்து போறான், எல்லாம் போன்ல பாத்தாங்க. அவனுக்குப் பயமா இருக்கிறதை எல்லாம் குறைஞ்சதுல இருந்து கூடினது வரைக்கும் வரிசையா எழுத வச்சு, ஒவ்வொண்ணுக்கும் நூத்துக்கு எத்தனைன்னு மார்க் போட வச்சாங்க. ஷீட்டைத் தொடுறது 30. வாளியோட பிடியைத் தொடுறது 60. ஒட்டுப்பாலைக் கையில எடுக்கிறது 95. பிறகு கீழ இருந்து ஒவ்வொரு படியா ஏத்தினாங்க. தொடணும், தொட்டுட்டுக் கழுவக் கூடாது, பயம் தானா இறங்குற வரைக்கும் அங்கேயே நிக்கணும். அவ்வளவுதான் சிகிச்சை. கேக்க ஒண்ணும் இல்லாத மாதிரி இருக்கும். போனை மெஷின் மேல சாத்தி வச்சுட்டு எனக்க மகன் வாளிப் பிடியைப் பிடிச்சுக்கிட்டு நின்னதைப் பாத்தப்ப என்னால அங்க நிக்க முடியல. மேடம் அந்தப் பக்கத்துல இருந்து, "இப்ப எத்தனை? 70ஆ? சரி, நிக்கட்டும். இப்ப?"ன்னு கேட்டுக்கிட்டே இருந்தாங்க. எனக்கும் ஒரு கண்டிஷன் போட்டாங்க. "கை சுத்தமா இருக்கா அம்மா"ன்னு அவன் கேட்டா நான் பதில் சொல்லக் கூடாது. சுத்தமா இருக்கு மக்களேன்னு நான் சொல்லிச் சொல்லித்தான் அந்த நோய்க்குத் தீனி போட்டிருக்கேனாம். பெத்தவளுக்கு அதுதான் பெரிய பாடு.

இந்த வேலையை ஆஸ்பத்திரி ரூம்ல வச்சு எப்படிச் செய்ய முடியும்?

கருங்கல் / துபாய்:

நான் எழுதுறது வேற மாதிரி. எனக்கு திடீர்னு நெஞ்சு படபடப்பு, கை மரத்துப் போகும், செத்துருவோம்னு தோணும். இங்க எமர்ஜென்சிக்குப் போய் இசிஜி எடுத்தா நார்மல். கம்பெனிக்குத் தெரிஞ்சா அனுப்பி விட்டுருவான்னு பயம். ஊர்ல இருந்து ஒரு கவுன்சிலரைப் பிடிச்சேன்.

இங்க வாட்ஸ்அப்ல மெசேஜ் போகும், கால் போகாது. தெரியாம வாட்ஸ்அப் கால்னு ஏற்பாடு பண்ணி முதல் தடவை வீணாப் போச்சு. வேற வீடியோ மீட்டிங் ஆப் வழியா வந்தார், அது ஓடிச்சு. ஊருக்கும் இங்கேயும் ஒண்ணரை மணிக்கூர் வித்தியாசம், அதையும் கணக்குல வச்சு நேரம் குறிங்க. தொழிலாளர்கள் தங்குற கேம்ப் ரூம்ல ஆறு பேர். அதனால ஞாயிற்றுக்கிழமை எல்லாரும் சந்தைக்குப் போற நேரத்தை எடுத்துக்கிட்டேன்.

அது பேனிக் அட்டாக், அலை மாதிரி ஏறி சில நிமிஷத்துல உச்சத்துக்குப் போய்த் தானா இறங்கும்னு விளக்கினார். அதை விட்டு ஓட ஓட அது கூடும்னார். படியில ஓடி ஏறி நெஞ்சு படபடக்க வச்சு, படபடப்புன்னா சாவு இல்லன்னு என்னையே பாக்க வச்சார். இசிஜி நார்மலான பிறகுதான் இதைச் செய்யச் சொன்னார், அதையும் சொல்லிருதேன்.

மார்த்தாண்டம்:

எல்லாரும் நல்லதையே எழுதுறீங்க. நான் ஒரு ஆப்ல முழு பேக்கேஜுக்கும் முன்கூட்டியே பணம் கட்டினேன். ஒவ்வொரு தடவையும் வேற வேற ஆள் வந்தாங்க. ஒவ்வொருத்தர்கிட்டேயும் அப்பா செத்ததுல இருந்து திரும்பச் சொல்லணும். ஒரு புள்ளைக்கு இருபத்திரெண்டு வயசுக்கு மேல இருக்காது, "பாசிட்டிவா திங்க் பண்ணுங்க"ங்குது. அதைச் சொல்ல எங்க சித்தப்பா போதுமே, காசும் கேக்க மாட்டார். ரீஃபண்டும் வரல.

நாகர்கோவில் பக்கம் (கவுன்சிலிங் தொழில்ல இருக்கிறவள்):

மேலே எழுதினவருக்குச் சொல்வதற்காகவே வந்தேன். நம்ம நாட்டில் யார் யாரோ கவுன்சிலர் என்று போர்டு வைத்துவிடுகிறார்கள். கிளினிக்கல் சைக்காலஜிஸ்ட் என்றால் இந்திய மறுவாழ்வுக் கவுன்சிலில் பதிவு இருக்க வேண்டும். பதிவு எண்ணைக் கேளுங்கள், கேட்டால் கோபப்படுகிறவரிடம் போக வேண்டாம். சைக்கியாட்ரிஸ்ட் எம்பிபிஎஸ் முடித்து மனநலம் படித்த டாக்டர், மருந்து எழுதும் உரிமை அவருக்குத்தான். நான் எழுத முடியாது. டாக்டர்கள் ஆன்லைனில் பார்ப்பதற்கு 2020 மார்ச் 25 அன்று மத்திய அரசு வழிகாட்டுதல் வெளியிட்டது. அதன்படி சில வகை மாத்திரைகளை வீடியோவில் பார்த்து எழுதவே கூடாது. "எதையும் கேட்காமல் தூக்க மாத்திரை எழுதித் தருகிறார், நல்ல டாக்டர்" என்று யாராவது சொன்னால் அங்கே போகாதீர்கள்.

தக்கலை அக்கா, கார் எங்கே நிற்கிறது என்று அவர்கள் கேட்டதில் உங்களுக்குக் கோபம் வந்தது என்று எழுதியிருக்கிறீர்கள். நானும் அதைத்தான் முதலில் கேட்பேன், ஒவ்வொரு முறையும் கேட்பேன். நேரில் வந்தவர் மயங்கி விழுந்தால் தாங்கிப் பிடிக்கலாம். திரையில் அது முடியாது. அவர் பேச்சிப்பாறைக்கு மேலே மலையில் இருக்கிறாரா, தேங்காப்பட்டணம் கடற்கரையில் இருக்கிறாரா, பக்கத்தில் எந்த ஆஸ்பத்திரி, ஓடி வர யார் இருக்கிறார், லைன் கட்டானால் யார் யாரைத் திரும்பக் கூப்பிடுவது, இதெல்லாம் என் நோட்டில் எழுதாமல் நான் ஆரம்பிக்க மாட்டேன். இன்னொன்றும் பேசி வைத்துக்கொள்வோம். பேசும்போது யாராவது ரூமுக்குள் வந்துவிட்டால் "சரி மேடம், அந்த டிரெயினிங் எப்போ" என்று கேட்டுவிடுங்கள், நான் ட்யூஷன் டீச்சர் மாதிரி பேச ஆரம்பித்துவிடுவேன். நன்றாகவே நடிக்கிறேன் என்று சொல்கிறார்கள்.

நீங்கள் சொல்வதை வெளியில் சொல்லக் கூடாது என்பது மரியாதை மட்டும் இல்லை, மனநலப் பராமரிப்புச் சட்டம் 2017 தருகிற உரிமை. உயிருக்கு ஆபத்து என்றால் மட்டும் அந்த வாக்கை மீறுவேன், அதை முதல் நாளே சொல்லிவிடுவேன். அதே சட்டத்தின் 115ஆம் பிரிவையும் தெரிந்துகொள்ளுங்கள். தற்கொலைக்கு முயன்றவரை, மாறாக நிரூபிக்கப்படாதவரை, கடுமையான மன அழுத்தத்தில் இருந்தவராகவே கொள்ள வேண்டும், அதற்காகத் தண்டிக்கக் கூடாது. போலீஸ் கேஸ் ஆகிவிடும் என்று பயந்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோகத் தயங்கிய வீடுகளைப் பார்த்திருக்கிறேன். தயங்காதீர்கள்.

குளச்சல்:

மேடம், எங்க அண்ணனுக்குக் குடி. நேர்ல வரமாட்டான். ஆன்லைன்ல பேச வச்சு, வீட்டுலயே ரூம்ல பூட்டிப் போட்டு நிறுத்திறலாமான்னு மைனி கேக்குறா.

நாகர்கோவில் பக்கம்:

பூட்டிப் போடவே கூடாது. தினமும் நிறையக் குடிக்கிறவர் சட்டென்று நிறுத்தினால் கை நடுக்கம், வலிப்பு, இரண்டு மூன்று நாளில் இல்லாத ஆளைப் பார்க்கிறது, ஊர் பேர் தெரியாமல் உளறுவது வரைக்கும் போகும். உயிர் போகிற விஷயம். அதை வீடியோவில் சமாளிக்க முடியாது. முதலில் ஆசாரிப்பள்ளம் மெடிக்கல் காலேஜ் மாதிரி அட்மிட் பண்ணுகிற இடத்துக்குக் கொண்டுபோங்கள். உடம்பு தெளிந்த பிறகு ஆன்லைனில் பேசலாம். அண்ணன் வராவிட்டாலும் மைனி பேசலாம். அவருக்கும் இது வேண்டும்.

குளச்சல்:

சரி மேடம். மைனிகிட்ட சொல்றேன்.

தூத்தூர் பக்கம்:

எங்க மாமி. ஒக்கி புயல் வந்தப்ப, 2017 நவம்பர் கடைசியில, தங்கல் (கடல்லயே பல நாள் தங்கி மீன் பிடிக்கிறது) போயிருந்த மாமா வரல. உடம்பு கிடைச்சவங்களுக்கு அழுது முடிக்க ஒரு கல்லறை இருக்கு. மாமிக்கு அதும் இல்ல. வருஷம் பல ஆனபிறகும் ஆலயத்துல இறந்தவங்க பேர் வாசிக்கிறப்ப மாமா பேரைச் சொல்லக் கூடாதுன்னு சண்டை போடுவாங்க.

வீடியோன்னா முகத்தைக் காட்ட மாட்டாங்க. அதனால அரசாங்கத்தோட மனநல உதவி நம்பர் 14416ல தொடங்கினோம். டெலி மானஸ்னு 2022 அக்டோபர் 10ல தொடங்கினது, காசு கிடையாது, ராத்திரி பகல் எப்ப வேணும்னாலும் கூப்பிடலாம், தமிழ் தேர்ந்தெடுத்துக்கலாம். குரல் மட்டும் கேக்கிறது பாவசங்கீர்த்தனத் தொட்டியில முகம் தெரியாம சாமியார்கிட்ட பேசுற மாதிரி இருந்துருக்கும் போல, மாமி மணிக்கூர் கணக்கா பேசினாங்க. எடுத்த பிள்ளை அவசரப்படுத்தவே இல்ல. திரும்பக் கூப்பிட்டப்ப வேற ஆள்தான் எடுத்தாங்க, மாமிக்கு அது பிடிக்கல. பிறகு அருட்சகோதரி ஒருத்தர் மூலமா ஒரே கவுன்சிலர்கிட்ட போன்லயே தொடர்ந்து பேச ஏற்பாடாச்சு.

மாமா செத்துட்டார்னு ஒத்துக்கோங்கன்னு அந்தக் கவுன்சிலர் ஒரு தடவைகூடச் சொல்லல. வந்தாலும் வரலாம், வராமலும் இருக்கலாம், ரெண்டையும் வச்சுக்கிட்டு இந்த வாரம் என்ன சமைக்கலாம்னுதான் கேட்டாங்களாம். மாமி இப்ப மீன் குழம்பு வைக்காங்க. இவ்வளவு நாளா வீட்டுல மீனே வாங்க விடல.

மார்த்தாண்டம்:

இதுக்கெல்லாம் எதுக்கு ஆளு, ஏஐகிட்ட கேட்டா போதும்னு எங்க ஆபீஸ்ல ஒருத்தன் சொல்றான். ராத்திரி ரெண்டு மணிக்கு நானும் பேசிப் பாத்தேன். ஆறுதலாத்தான் பேசுது. நான் எதைச் சொன்னாலும் ஒத்துக்குது, அதுதான் எனக்கு இடிக்குது. குலசேகரம் அம்மாவுக்குப் போட்ட கண்டிஷன் மாதிரி எனக்கு யாராவது போடணும்.

தோவாளை:

நான் இதுவரைக்கும் யார்கிட்டேயும் சொல்லாதது. ஊர்ல தெரியக் கூடாதுன்னே ஆன்லைன்ல மட்டும் டிப்ரெஷனுக்குப் பேசிட்டு இருந்தேன். ஒரு கட்டத்துல கவுன்சிலர், இனி மருந்து இல்லாம இழுக்க வேண்டாம், நேர்ல போய்ப் பாருங்கன்னு கண்டிப்பா சொல்லிட்டார். மாஸ்க், தொப்பி எல்லாம் போட்டுக்கிட்டு ஆசாரிப்பள்ளம் போனேன். ஓபி சீட்டு வாங்கிட்டு மனநலப் பிரிவு வாசல்ல நிக்கேன், எனக்கு முன்னால எங்க தெருக்காரர், அவரும் மாஸ்க்.

"என்ன தம்பி இங்க?"

"சுகர் பாக்க வந்தேன் அண்ணாச்சி. நீங்க?"

"நானும் சுகர்தான்."

இப்ப மாசா மாசம் மாத்திரை வாங்க ரெண்டு பேரும் ஒரே பைக்ல போறோம். வீட்டுல கேட்டா சுகர்னுதான் சொல்றோம். எனக்க பொண்டாட்டி டீயில சீனி போடுறதை நிறுத்திட்டா.